ஒரே தரத்துக்கு இரண்டு வாசல்கள்: திருகோணமலையில் ஒரு சேவைமூப்புப் பிணக்கு – நிகழ்வு ஆய்வு

கிழக்கு மாகாண நிர்வாகத்தின் தலைமையிடம் திருகோணமலையில் அமைந்திருப்பதால், அம்பாறை, மட்டக்களப்பு, திருகோணமலை ஆகிய மூன்று மாவட்டங்களிலும் எழும் மாகாண சேவைப் பிணக்குகள் கடைசியில் இந்த நகரத்துக் கோவை அலுமாரிகளுக்கே வந்து சேர்கின்றன. அவற்றுள் எளிதில் முடியாதவை சேவைமூப்புப் பிணக்குகள். ஒழுக்காற்று விசாரணையில் குற்றப்பத்திரமும் தீர்ப்பும் இருக்கும். இடமாற்றப் பிணக்கு அடுத்த ஆண்டு இடமாற்றத்தோடு ஆறிவிடும். சேவைமூப்புப் பட்டியல் அப்படியல்ல. இருபது, இருபத்தைந்து ஆண்டுகள் ஒரே கூரையின் கீழ் வேலை செய்ய வேண்டியவர்களை அது வரிசைப்படுத்துகிறது; அந்த வரிசையில் நேரும் பிழையும் அவர்களோடு சேர்ந்தே ஓய்வுபெறுகிறது.

இங்கு ஆராயப்படும் திணைக்களமும் அலுவலர்களும் திகதிகளும் குறித்த எந்த அலுவலகத்தையும் சுட்டுவன அல்ல. நேரடியாகச் சேர்க்கப்பட்டோருக்கும் பதவி உயர்வு பெற்றோருக்கும் இடையிலான பிணக்குகளில் திரும்பத் திரும்ப வரும் இயல்புகளைக் கோத்து அமைத்த மாதிரி வழக்கு இது. சட்டங்கள், சுற்றறிக்கைகள், நீதிமன்றத் தீர்ப்புகள் பற்றிச் சொல்லப்படுவன உண்மையானவை.

பிணக்கின் களம்

வீதி, கட்டடம், நீர்ப்பாசனம் போன்ற களப்பணி உள்ள ஒரு மாகாணத் திணைக்களத்தில் தொழில்நுட்ப உத்தியோகத்தர் தரம் III இற்கு இரண்டு வழிகளில் ஆட்சேர்க்கப்பட்டது. அனுமதிக்கப்பட்ட ஆட்சேர்ப்புத் திட்டத்தின்படி வெற்றிடங்களில் 60 வீதம் திறந்த போட்டிப் பரீட்சையாலும், 40 வீதம் ஏற்கெனவே திணைக்களத்தில் வேலை மேற்பார்வையாளர்களாக இருந்தோருக்கான மட்டுப்படுத்தப்பட்ட போட்டிப் பரீட்சையாலும் நிரப்பப்பட வேண்டும். 2010 டிசம்பர் 31 அன்று 25 வெற்றிடங்கள் இருந்தன: திறந்த வழிக்கு 15, மட்டுப்படுத்தப்பட்ட வழிக்கு 10. திட்டத்தில் வீதாசாரம் சொல்லப்பட்டிருந்ததே தவிர, இரு பிரிவினரையும் சேவைமூப்பில் எந்த ஒழுங்கில் அடுக்குவது என்பது பற்றி ஒரு சொல்கூட இல்லை. பல பிணக்குகளின் வேர் இந்த மௌனத்தில்தான் இருக்கிறது. இருந்தும் திட்டங்களைத் திருத்தும்போது சம்பளக் குறியீட்டைத் திருத்துவோர் இதைத் திருத்துவதில்லை.

அடுத்து நடந்தவை இவை. 2011 மார்ச் 1 அன்று, வேலை தேங்கிவிட்டதென்ற காரணத்தால், தலைமை அலுவலகத்திலும் நகரை அண்டிய பிரிவுகளிலும் இருந்த ஏழு மேற்பார்வையாளர்கள் தொழில்நுட்ப உத்தியோகத்தரின் கடமைகளை நிறைவேற்றப் பணிக்கப்பட்டனர். அந்தக் கடிதத்தின் நான்காம் பந்தி, இந்த ஏற்பாடு பதவிக்கு நிரந்தர உரிமை எதையும் தராது என்று கூறியது. அதே ஆண்டு யூனில் மட்டுப்படுத்தப்பட்ட பரீட்சையும் நவம்பரில் திறந்த பரீட்சையும் நடந்தன. மட்டுப்படுத்தப்பட்ட பரீட்சையின் பெறுபேறு 2012 பெப்ரவரி 10 அன்று உறுதிசெய்யப்பட்டது. ஆனால் தெரிவானோரில் சிலரின் கல்வித் தகைமை பற்றி வந்த ஒரு முறைப்பாட்டால் நியமனங்கள் நிறுத்திவைக்கப்பட்டன; பதினான்கு மாதங்களின் பின் முறைப்பாடு ஆதாரமற்றதெனத் தள்ளப்பட்டது. இதற்கிடையில் 2012 ஆகஸ்ட் 15 அன்று திறந்த பரீட்சையில் தெரிவான 15 பேரும் நியமனம் பெற்றனர். பதவி உயர்வு பெற்ற பத்துப் பேரின் கடிதங்கள் 2013 மே 2 அன்றுதான் வழங்கப்பட்டன. அவற்றுள் மூன்று கடிதங்கள் அன்றைய திகதியிலிருந்தும், முன்பு கடமை நிறைவேற்றிய ஏழு பேரின் கடிதங்கள் 2011 மார்ச் 1 இலிருந்தும் அமுலுக்கு வருவதாக எழுதப்பட்டிருந்தன.

ஆறு ஆண்டுகள் யாரும் எதுவும் பேசவில்லை. பேசுவதற்குப் பட்டியலும் இருக்கவில்லை. 2019இல் பிராந்தியப் பொறுப்புப் பதவியொன்று வெற்றிடமாகப் போவது தெரிந்ததும் தாபனக் கிளை முதன்முறையாக ஒரு வரைவுப் பட்டியலைச் சுற்றுக்கு விட்டது. முதல் ஏழு இடங்கள் பின்திகதியிட்ட (அதாவது முந்திய திகதியொன்றிலிருந்து அமுலாகும்) கடிதம் பெற்ற ஏழு பேருக்கும், 8 முதல் 22 வரை நேரடி நியமனம் பெற்றோருக்கும், கடைசி மூன்று இடங்கள் எஞ்சிய பதவி உயர்வினருக்கும் ஒதுக்கப்பட்டிருந்தன.

வரிசை ஏன் இவ்வளவு பெறுமதியானது என்ற கேள்வி எழலாம். 2006ஆம் ஆண்டின் பொது நிர்வாகச் சுற்றறிக்கை 06/2006ஐத் தொடர்ந்து மீளமைக்கப்பட்ட பல சேவைகளில், ஒரு தரத்திலிருந்து அடுத்த தரத்துக்கான உயர்வு வெற்றிடத்தைச் சாராமல் சேவைக்காலம், வினைத்திறன் தடைதாண்டல் பரீட்சை, செயலாற்றுகை மதிப்பீடு ஆகியவற்றைச் சார்ந்ததாக ஆக்கப்பட்டது. ஆகவே முன்னால் இருப்பவர் நகர்ந்தால்தான் பின்னால் இருப்பவர் ஏறலாம் என்ற பழைய நெருக்கடி தரங்களுக்கு இடையில் தளர்ந்துவிட்டது. அந்த நெருக்கடி முழுவதும் இப்போது எண்ணிக்கையில் குறைந்த பொறுப்புப் பதவிகள், பதில் கடமை நியமனங்கள், வெளிநாட்டுப் பயிற்சி, அரச விடுதி ஆகியவற்றின் வாசலில் வந்து நிற்கிறது. முன்பு படிப்படியாகக் கசிந்துகொண்டிருந்த மனத்தாங்கல் இப்போது ஒரே ஒரு நாற்காலி வெற்றிடமாகும் வேளையில் ஒன்றுதிரண்டு வெடிக்கிறது.

மூவரின் வாதங்கள்

பிணக்கை விளங்கிக்கொள்ள மூன்று அலுவலர்கள் போதும். அவர்களை க, ச, ம என்று அழைப்போம்.

அலுவலர் க திறந்த பரீட்சையில் முதலிடம் பெற்றவர். வரைவுப் பட்டியலில் எட்டாம் இடம். 2012 ஆகஸ்டில் தாம் பதவியேற்றபோது அந்தத் தரத்தில் நியமனம் பெற்ற ஒருவரும் தமக்கு முன்னால் இருக்கவில்லை என்றும், எட்டரை மாதங்களுக்குப் பிறகு எழுதப்பட்ட கடிதமொன்று அதன் திகதி வரியால் மட்டும் தம்மைத் தாண்டிச் செல்வது அரசியலமைப்பின் 12(1) உறுப்புரை தரும் சமத்துவ உரிமையை மீறுவதென்றும் அவர் வாதிட்டார்.

அலுவலர் ச பதவி உயர்வு பெற்ற எழுவரில் ஒருவர், வரைவில் முதலிடம். 1990களில் வேலையில் சேர்ந்து, கிண்ணியாவுக்கும் மூதூருக்கும் பாலங்கள் வருவதற்கு முன்பு துறை கடந்து போய் வேலைத்தளம் பார்த்தவர். பரீட்சை எங்களுக்கே முதலில் நடந்தது, பெறுபேறும் எங்களுக்கே முதலில் உறுதியானது, வேலையையும் நாங்களே 2011இலிருந்து செய்தோம், நிர்வாகம் செய்த தாமதத்துக்கு நாங்கள் ஏன் தண்டம் கட்ட வேண்டும் என்பது அவருடைய கேள்வி. இந்தக் கேள்வியில் நியாயம் இருக்கிறது. நேரடி நியமனம் பெற்றோரின் மனுவில் இதற்கு விடையே இருக்கவில்லை; 'கடிதத் திகதி' என்ற ஒற்றைச் சொற்றொடரை மட்டும் அது பிடித்துக்கொண்டிருந்தது.

அலுவலர் ம பற்றி இரு தரப்பும் பேசவில்லை. மட்டுப்படுத்தப்பட்ட பரீட்சையில் முதலிடம் பெற்றவர் அவர்தான். 2011இல் அவர் வெருகல் பிரிவில் இருந்தார். கடமை நிறைவேற்ற ஆட்கள் தெரிவுசெய்யப்பட்டபோது விண்ணப்பம் கோரப்படவில்லை; தலைமை அலுவலகத்துக்குக் கிட்ட இருந்தவர்கள் பணிக்கப்பட்டார்கள். அதனால் அவருடைய கடிதம் பின்திகதியிடப்படவில்லை. வரைவுப் பட்டியலில் அவருக்கு 23ஆம் இடம். அதே பரீட்சையில் ஆறாம் இடம் பெற்ற ச அவருக்கு 22 இடங்கள் முன்னால்.

ஆய்வு

தொழிற்சங்கங்கள் இந்தப் பிணக்கை இரு முகாம்களின் போராகவே பார்த்தன. கோவையைப் படித்தால் மிகக் கூரிய அநீதி ஒரே முகாமுக்குள், ச இற்கும் ம இற்கும் இடையில் இருப்பது தெரியும். பின்திகதியிட்டதன் முதல் விளைவு நேரடி நியமனம் பெற்றோரைப் பின்தள்ளியதல்ல. பரீட்சைப் புள்ளிகள் தீர்மானித்த வரிசையை, யாருடைய மேசை எங்கே இருந்தது என்ற தற்செயல் அழித்ததுதான். ஒரே பரீட்சையில் ஒரே நாளில் நியமனம் பெற்றோரைத் திறமை ஒழுங்கில் அடுக்க வேண்டும் என்பதில் ஆட்சேர்ப்பு நடைமுறை தெரிந்த எவருக்கும் கருத்து வேறுபாடு இருக்க முடியாது. ஆகவே ஏழு கடிதங்களின் திகதி வரி, நேரடி நியமனம் பெற்றோர் ஒருவர்கூட இல்லாதிருந்தாலும் நிற்கத்தக்கதல்ல.

அடுத்தது, கடமை நிறைவேற்றிய காலம் சேவைமூப்பில் சேருமா என்பது. பதவியின் வேலையைச் செய்வதும் பதவியில் இருப்பதும் வெவ்வேறு. அரச சேவையின் நடைமுறை விதிகளைத் தொகுத்த தாபன விதிக்கோவையின் இரண்டாம் அத்தியாயம் நியமனங்களைப் பற்றியது. நிரந்தர நியமனத்தையும் பதில் கடமையையும் அது வேறு வேறாகவே நடத்துகிறது. இங்கு ஏழு பேரின் கடிதத்திலேயே உரிமை மறுப்புப் பந்தி இருக்கிறது. தெரிவு முறை எதுவும் கைக்கொள்ளப்படவில்லை. அந்தக் காலத்துக்குரிய கொடுப்பனவும் மாதந்தோறும் வழங்கப்பட்டுவிட்டது. செய்த வேலைக்குப் பணத்தால் கைம்மாறு கிடைத்த பின்னர் அதே வேலைக்கு வரிசையாலும் கைம்மாறு கேட்பது இரட்டைக் கோரிக்கை.

இந்திய உச்ச நீதிமன்றம் இதே கேள்வியோடு அரை நூற்றாண்டுக்கு மேலாக மல்லுக்கட்டி வருகிறது. அதன் தீர்ப்புகள் இலங்கையில் கட்டுப்படுத்துவன அல்ல. எனினும் சட்டத்தரணிகள் அவற்றை எடுத்துக்காட்டுவது வழக்கம். 1990இல் மகாராஷ்டிரத்தின் நேரடி நியமன இரண்டாம் வகுப்புப் பொறியியல் அலுவலர் சங்க வழக்கில் ஐந்து நீதியரசர் அமர்வு, விதிகளின்படி நியமிக்கப்பட்டவரின் மூப்பு நியமனத் திகதியிலிருந்து எண்ணப்படுமே தவிர உறுதிப்படுத்தப்பட்ட திகதியிலிருந்து அல்ல என்றும், விதிகளின்படியல்லாத இடைக்கால ஏற்பாடாக ஆற்றிய சேவை மூப்பில் சேராது என்றும் கூறியது. அதே தீர்ப்பின் இன்னொரு பகுதி, நடைமுறையில் குறை இருந்தாலும் ஒழுங்குபடுத்தப்படும் வரை தடையின்றித் தொடர்ந்த சேவையை எண்ணலாம் என்கிறது. ச தரப்பினர் இந்தப் பகுதியை மட்டும் நகலெடுத்து இணைத்திருந்தனர். 1993இல் மேற்கு வங்க அரசுக்கும் அகோர்நாத் டே என்பவருக்கும் இடையிலான வழக்கில் இவ்விரு பகுதிகளும் சேர்த்துப் படிக்கப்பட்டன. வெறும் இடைக்கால ஏற்பாடாக வந்தவருக்கு இரண்டாம் பகுதி கைகொடுக்காது என்பது தெளிவாக்கப்பட்டது.

தாமதத்தைப் பற்றியும் அங்கு இரு போக்குகள் உண்டு. 2012 நவம்பரின் பார்மர் தீர்ப்பு, ஆட்சேர்ப்பு எப்போது தொடங்கியதோ அந்த ஆண்டின் வெற்றிடங்களோடு நேரடி நியமனம் பெற்றோரைப் பொருத்த இடமளித்தது. 2019 நவம்பரில், மணிப்பூர் பொலிஸ் சேவை பற்றிய மேகச்சந்திர சிங் வழக்கு அதைப் புறந்தள்ளி, ஒருவர் அந்தச் சேவைக்குள் பிறக்கும் முன்னரே மூப்புக் கோர முடியாது என்றது. 2022இல் இந்தக் கேள்வி பெரிய அமர்வொன்றுக்கு அனுப்பப்பட்டது. கவனிக்க வேண்டிய வேடிக்கை ஒன்றுண்டு. இந்தியாவில் பின்திகதி கேட்டு நின்றவர்கள் பெரும்பாலும் நேரடி நியமனம் பெற்றோர்; நமது வழக்கில் கேட்பவர்கள் பதவி உயர்வு பெற்றோர். தாமதம் எந்தப் பக்கம் விழுகிறதோ அந்தப் பக்கத்துக்குக் கொள்கையும் மாறிவிடுகிறது.

இனி, வழக்கின் கடினமான இடத்துக்கு வருவோம். ஏழு பேரின் 2011 திகதியைத் தள்ளிவிடலாம். ஆனால் பத்துப் பேரின் பெறுபேறும் 2012 பெப்ரவரியில் உறுதியாகிவிட்டது; ஆதாரமற்ற ஒரு முறைப்பாடு மட்டும் இல்லாதிருந்தால் அவர்கள் ஆகஸ்டுக்கு முன்னரே நியமனம் பெற்றிருப்பார்கள். அப்படியானால் பத்துப் பேருக்கும் சீராக 2012 பெப்ரவரித் திகதியைக் கொடுத்து நேரடி நியமனம் பெற்றோருக்கு மேலே வைப்பது நியாயமாகாதா? கவர்ச்சியான தீர்வுதான், நேர்மையான அலுவலர்களும் இதைப் பரிந்துரைத்திருக்கிறார்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை. தாமதித்தது நிர்வாகம், இழந்தது பதவி உயர்வினர், அந்த இழப்பை ஈடுசெய்யும் கடப்பாடு நிர்வாகத்துக்குரியது. அதைத் தன் கையிலிருந்து கொடுக்காமல், தவறு எதிலும் பங்கில்லாத பதினைந்து பேரின் இடத்திலிருந்து எடுத்துக் கொடுப்பது, ஒருவனுக்கு அரசு பட்ட கடனை அடுத்த வளவுக்காரனின் காணியை வேலி நகர்த்தித் தீர்ப்பதற்கு ஒப்பானது. பெப்ரவரியிலிருந்து சம்பள ஏற்றத் திகதியையும் ஓய்வூதியத்துக்கு எண்ணப்படும் சம்பளப் படியையும் பத்துப் பேருக்கும் கணக்கிட்டுக் கொடுக்கலாம். அதற்குத் திறைசேரியின் பணம் செலவாகும். இன்னொருவரின் வரிசை செலவாகாது.

இந்த முடிவுக்கு ஒரு விலக்கு உண்டு. தாமதம் அல்லாமல் வீதாசாரமே மீறப்பட்டிருந்தால், அதாவது பதவி உயர்வினருக்குரிய பத்து இடங்களில் சிலவற்றை நேரடி நியமனம் பெற்றோரைக் கொண்டு நிரப்பியிருந்தால், அப்போது பறிபோனது காலம் அல்ல, இடம். இடம் பறிபோனால் இடத்தாலேயே திருத்த வேண்டும். இங்கு 15உம் 10உம் சரியாகவே நிரப்பப்பட்டிருந்தன.

இரண்டாம் மொழித் தேர்ச்சியைப் பற்றியும் ஒரு வாதம் வந்தது. பொது நிர்வாகச் சுற்றறிக்கை 07/2007 இன்படி 2007 யூலை 1 இற்குப் பின் சேவைக்கு வந்தோர் ஐந்து ஆண்டுகளுக்குள் மற்ற அரசகரும மொழியில் தேர்ச்சி பெற வேண்டியிருந்தது. நேரடி நியமனம் பெற்ற இருவர் சிங்களத் தேர்ச்சியை உரிய காலத்தில் பெறவில்லை, ஆகவே அவர்களைக் கீழிறக்க வேண்டும் என்றனர் மறுதரப்பினர். தேர்ச்சிக் குறைவு சம்பள ஏற்றத்தையும் அடுத்த தரத்துக்கான உயர்வையும் தடுக்கலாம். தரத்துக்குள் நுழைந்த திகதியை அது மாற்ற வேண்டுமானால் ஆட்சேர்ப்புத் திட்டம் அதை வெளிப்படையாகச் சொல்லியிருக்க வேண்டும்.

எங்கே முறையிடுவது

மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழு 1987ஆம் ஆண்டின் 42ஆம் இலக்க மாகாண சபைகள் சட்டத்தின் 33ஆம் பிரிவின் கீழ் அமைந்தது. மாகாண அலுவலர் மீதான அதிகாரங்கள் 32ஆம் பிரிவின்படி ஆளுநரிடம் இருந்து அதற்குக் கையளிக்கப்படுகின்றன. இதை அறியாமல் க தரப்பினர் முதலில் நிர்வாக மேன்முறையீட்டு நியாயசபைக்கு எழுதிச் சில மாதங்களை இழந்தனர். அரசியலமைப்பின் 59ஆம் உறுப்புரையின் கீழான அந்த நியாயசபை, மத்தியில் உள்ள அரசாங்க சேவை ஆணைக்குழுவின் கட்டளைகள் மீதான மேன்முறையீட்டைக் கேட்பது. மாகாண ஆணைக்குழுவின் முடிவுக்கு அங்கே வழியில்லை.

அடிப்படை உரிமை மனுவுக்கு 126ஆம் உறுப்புரை ஒரு மாத காலம் மட்டுமே தருகிறது. 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்க மனித உரிமைகள் ஆணைக்குழுச் சட்டத்தின் 13ஆம் பிரிவின்படி, அந்த ஒரு மாதத்துக்குள் அங்கு முறைப்பாடு செய்யப்பட்டிருந்தால், விசாரணை நிலுவையில் இருக்கும் காலம் கணக்கில் சேராது. எழுத்தாணை (நிர்வாக முடிவொன்றை நீக்கவோ கடமையைச் செய்விக்கவோ நீதிமன்றம் இடும் ஆணை) கோரிப் போவதானால், விடயத்தைப் பொறுத்து 154P உறுப்புரையின் கீழ் மாகாண மேல் நீதிமன்றமோ 140ஆம் உறுப்புரையின் கீழ் மேன்முறையீட்டு நீதிமன்றமோ உண்டு. இரண்டிலும் ஒரு பொறி காத்திருக்கிறது: பட்டியல் மாறினால் கீழே இறங்கப் போகிறவர்களைப் பிரதிவாதிகளாகச் சேர்க்காத மனு அந்தக் குறையாலேயே தள்ளுபடியாகலாம். திணைக்களத் தலைவரையும் ஆணைக்குழுவையும் மட்டும் பெயர் குறித்துத் தயாரான க தரப்பின் முதல் வரைவு மனுவில் அந்த ஏழு பேரில் ஒருவர் பெயரும் இல்லை. தினமும் ஒன்றாகத் தேநீர் குடிப்பவர்களைப் பிரதிவாதியாக்கக் கூச்சம் என்பது மனிதருக்குரியது. நீதிமன்றத்துக்கு அது விளக்கமாகாது.

மனு தாக்கல் செய்யப்படும் முன்பே பிணக்குத் தீர்ந்ததற்கு ஒரு விண்ணப்பம் காரணமாயிற்று. 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் ம கேட்ட நகல்கள், சட்டம் குறிக்கும் பதினான்கு வேலை நாட்களைச் சற்றுக் கடந்து கிடைத்தன. பரீட்சைப் புள்ளி ஒழுங்கும், உரிமை மறுப்புப் பந்தியுள்ள 2011 கடிதமும், முறைப்பாட்டைத் தள்ளிய குறிப்பும் முதன்முறையாக ஒரே மேசையில் சேர்ந்தன. அதுவரை இரு தரப்பும் நினைவிலிருந்தே வாதிட்டிருந்தனர்.

தீர்வு

ஆணைக்குழு இரு தரப்பையும் ம ஐயும் தனித்தனியே கேட்டது. ஏழு கடிதங்களின் அமுல் திகதி 2013 மே 2 எனத் திருத்தப்பட்டது. நேரடி நியமனம் பெற்றோர் திறமை ஒழுங்கில் 1 முதல் 15 வரையும், பதவி உயர்வு பெற்றோர் பரீட்சை ஒழுங்கில் 16 முதல் 25 வரையும் வைக்கப்பட்டனர். ம இற்கு 16ஆம் இடமும் ச இற்கு 21ஆம் இடமும் வந்தன. பத்துப் பேருக்கும் 2012 பெப்ரவரி 10 இலிருந்து சம்பளப் படி கணக்கிடப்பட்டது. கடமை நிறைவேற்றிய காலத்தில் ஏழு பேர் பெற்ற கொடுப்பனவு மீளப் பெறப்படவில்லை. ஒரே அடியில் இருபது இடம் இறங்கிய ச இதை ஏற்றுக்கொண்டார் என்று சொல்ல முடியாது. இறுதி மேன்முறையீட்டில் அவர் எழுப்பிய ஒரு குற்றச்சாட்டு மறுக்க முடியாதது: 2013இலேயே பட்டியல் வெளியிடப்பட்டிருந்தால் அவர் அந்த இடத்தை ஆறு ஆண்டுகள் தனதென்று நம்பியிருக்க மாட்டார்.

திருத்திய பட்டியல் முப்பது நாள் ஆட்சேபனைக்காக மூன்று மாவட்ட அலுவலகங்களுக்கும் அனுப்பப்பட்டது. மூன்று ஆட்சேபனைகள் வந்தன. ச உடைய மேன்முறையீடும், மொழித் தேர்ச்சி பற்றிய பழைய வாதமும் நிராகரிக்கப்பட்டன. மூன்றாவது ஏற்கப்பட்டது: திறந்த பரீட்சையில் ஒன்பதாம் இடம் பெற்ற ஒருவர், மகப்பேற்றுக் காரணத்தால் அனுமதி பெற்று இரண்டு மாதம் தாமதமாகக் கடமையேற்றிருந்தார், எழுதுவினைஞர் கடமையேற்ற திகதியைக் கொண்டு அவரைப் பதினைந்தாம் இடத்தில் வைத்திருந்தார். அவர் ஒன்பதாம் இடத்துக்கு மீட்கப்பட்ட பின்னரே பிராந்தியப் பொறுப்புப் பதவிக்கு விண்ணப்பம் கோரப்பட்டது.